ஒன்பது முறை செத்தவன் சொன்னது

சிகாமணி எடுத்த படங்கள் பதினொன்று.
ஒன்பதில் நான் சாகிறேன்.
மற்ற இரண்டில் நான் இல்லை.
மகளுக்குப் பேறுகாலம், போக முடியவில்லை.

அவனுக்கு யாரும் சொல்லித் தரவில்லை.
செவ்வாய்பேட்டையில் கேசட் வாடகைக் கடை.
பார்த்தவர்கள் சுற்றாமல் தந்துபோவதை
முதலிலிருந்து வைப்பது அவன் வேலை.
எல்லாப் படத்தையும் தலைகீழாகத்தான் பார்த்தான்.
செத்தவர்கள் எழுந்தார்கள்.
கண்ணீர் கன்னத்தில் ஏறிக் கண்ணுக்குள் போனது.
தாலியை அவிழ்த்துத் தட்டில் வைத்துவிட்டு
மாப்பிள்ளை முதுகுப்பக்கமாக நடந்து வெளியேறினான்.
"எங்கெங்க வெட்டியிருக்காங்கன்னு
அப்பத்தான்டா தெரியும்" என்பான்.

முதல் படம், வாடகைக்கு எடுத்த கல்யாண கேமராவில்.
அன்னதானப்பட்டியில் முகூர்த்தம் முடிந்து
அதைத் திருப்பித் தர நாலு மணிநேரம் இருந்தது.
லீ பஜாரில் மூட்டை இறக்கிக்கொண்டிருந்தேன்.
"விழு" என்றான்.
விழுந்தேன்.
"எதுக்கு விழுந்தேன்?"
"அது அடுத்த படத்துல."
என் சாவுக்கு நடுவே ஒரு நொடி
பெண்ணின் சித்தப்பா கையசைத்துவிட்டுப் போவார்.
கடைசிவரை அவரை நீக்கவில்லை.

இரண்டாவதில் ஏற்காட்டுப் பாதை, பதினாறாவது வளைவில் செத்தேன்.
நாலாவதில் கிணறு.
ஆறாவதில் மேக்னசைட் குழியோரம் வெள்ளைத் தூசியில்.
அதில் வசனமே கிடையாது. மைக் பழுது.
டுடோரியல் வகுப்பில் கரும்பலகைமேல் வேட்டி கட்டிப் போட்டோம்.
வந்த பன்னிரண்டு பேரும்
அந்த மௌனத்தைப் புகழ்ந்தார்கள்.
சிகாமணி தலையாட்டிக்கொண்டான்.

பழைய ஸ்டுடியோவின் வாசல் வளைவு
இன்னும் ஏற்காடு சாலையில் நிற்கிறதல்லவா,
அதன் முன்னால் ஒரே முறைதான் வண்டியை நிறுத்தினான்.
பெட்ரோல் தீர்ந்திருந்தது.

ஏழாவதுக்குப் பனி வேண்டும் என்றான்.
"மேல ஏற்காட்ல இல்லாத பனியா?"
"அது மூடுற பனி. எனக்கு உதிர்ற பனி."
ஆத்தூர் போகிற வழியில் சேகோ ஆலைக் களம்,
ஏப்ரல் வெயிலில் ஒரு ஏக்கர் ஜவ்வரிசி.
கான்வென்ட் பழந்துணி விற்பனையில் வாங்கிய
கம்பளிக் கோட்டை மாட்டிவிட்டு
"நடுங்கு" என்றான்.
வேர்வை உள்ளே ஆறாக ஓடியது.
கூரைமேல் நின்று பாவாயி, அவன் மனைவி,
முறத்தால் மெல்லப் புடைத்தாள்.
கொலுசு அடகில் இருந்ததால்
சத்தம் எதுவும் படத்தில் விழவில்லை.
கன்னத்தில் வெள்ளை ஒட்ட ஒட்டச் செத்தேன்.
நான் புரண்ட அரிசிக்கு ஆலைக்காரர் காசு கேட்டார்.
ஒரு மாதம் இரண்டு வீட்டிலும் பாயசம்.

பிரான்சில் ஏதோ ஊரில் படவிழாவாம், அனுப்பினான்.
எட்டு மாதம் கழித்து நாலு வரி வந்தது.
'வருந்துகிறோம்' என்று ஆரம்பித்து
'பனியை எங்கே வாங்கினீர்கள்' என்று முடித்தது செல்போன்.
அவன் நம்பவில்லை.
பஸ் ஏறி ஏற்காடு போய்
ஃபிலோமி சிஸ்டரிடம் காட்டினான்.
வாங்கினீர்கள் அல்ல, எடுத்தீர்கள், என்றார் அவர்.
எங்கே எடுத்தீர்கள்.
ஏரிக்கரையில் உட்கார்ந்து அதையே
நாலைந்து முறை சொல்லிப் பார்த்தானாம்.
அவன் எடுத்தது கடன், எடுத்தது லீவு,
எடுக்காமல் மூழ்கியது கொலுசு.
'சேலம், வெயில் நூற்றி மூன்று' என்று பதில் போட்டான்.
அதற்குப் பிறகு அங்கிருந்து கடிதம் இல்லை.

நேற்று குடோனுக்கு வந்தான். பன்னிரண்டாவது.
நான் முந்திக்கொண்டேன்:
"முட்டி போச்சு சிகாமணி.
விழுந்தா தூக்க ரெண்டாள் வேணும்."
மூட்டைமேல் உட்கார்ந்தான். டீ ஆறியது.
"விழ வேணாம்.
நீ எந்திரிக்கிறத மட்டும் எடுக்கிறேன்.
எவ்வளவு நேரம் ஆனாலும் வெட்ட மாட்டேன்."

சனிக்கிழமை லாரி வரும், ஞாயிறு வா என்றேன்.
பேட்டரி
ஒன்று கூடுதலாகவே கொண்டுவா.